தேங்காய்ப்பால் மிளகுக்கோழி சொதப்பினால்: பேலியோ அடுப்படியில் பழுது பார்க்கும் வழி

எங்கள் வீட்டில் மூன்று வருடமாகப் பெரும்பாலான ஞாயிற்றுக்கிழமைகளில் இந்தக் குழம்புதான். செட்டிநாட்டு மிளகும் சோம்பும் கறிவேப்பிலையும் ஒரு பக்கம், தாய்லாந்து சமையலின் எலுமிச்சைப்புல்லும் பேரரத்தையும் மீன் சாஸும் இன்னொரு பக்கம், இரண்டையும் சேர்த்து வைக்கும் தேங்காய்ப்பால் நடுவில். தானியம், பயறு, சர்க்கரை ஆகியவற்றை விலக்கும் பேலியோ உணவுமுறைக்காகச் செய்வது என்பதால் அரிசி, பருப்பு, சர்க்கரை, சோயா, சூரியகாந்தி எண்ணெய் எதுவும் கிடையாது. வெண்ணெய், நெய்கூட இல்லை. அதனால் பால் பொருட்களைச் சேர்த்துக்கொள்ளும் நம் ஊர் பேலியோக்காரர்களுக்கும் ஆகும், அதையும் விலக்கும் மேல்நாட்டு முறைக்கும் ஆகும்.

கேட்டவர்களுக்கெல்லாம் செய்முறையை அனுப்பினேன். அதற்கப்புறம் போன் வர ஆரம்பித்தது. "பால் திரிஞ்சு போச்சு", "கறி ரப்பர் மாதிரி இருக்கு", "எல்லாம் போட்டாச்சு, ருசியே இல்ல". ஒவ்வொன்றையும் கேட்டுக் கேட்டுச் சரிசெய்ததில் ஒன்று தெளிவாயிற்று. சோளமாவு, பொட்டுக்கடலை, சர்க்கரை, சோயா சாஸ் ஆகியவற்றை நாம் எடுத்துவிடுகிறோம், ஆனால் அவை செய்துகொண்டிருந்த வேலையை வேறு எதனிடமும் கொடுப்பதில்லை. கூடவே, நம் அடுப்படியும் தாய்லாந்து அடுப்படியும் ஒரே பொருளை வேறு வேறு நேரத்தில் போடுகின்றன. பாதிக் கோளாறு இந்த இரண்டில்தான் பிறக்கிறது.

முதலில் மூல அளவு. கீழே சொல்லும் எல்லாச் சோதனையும் இதை வைத்துத்தான்.

தோலோடு கூடிய தொடைத் துண்டுகள் 1 கிலோ. அதற்கு உப்பு 10 கிராம், அதாவது ஒன்றரை டீஸ்பூனுக்குச் சற்று மேல். ஒரு பெரிய தேங்காயிலிருந்து முதல் பால் 1 கப், இரண்டாம் பால் 2 கப். விழுதுக்குச் சின்ன வெங்காயம் 15, பூண்டு 8 பல், விரல் நீள இஞ்சி, பச்சை மிளகாய் 4, மிளகு 1 டேபிள்ஸ்பூன், தனியா 1 டேபிள்ஸ்பூன், சோம்பு 1 டீஸ்பூன், எலுமிச்சைப்புல் தண்டு 2, கொத்தமல்லித் தண்டு ஒரு பிடி, ஊறவைத்த பேரரத்தை சுண்டுவிரல் நக அளவு. கறியைத் தேங்காய் எண்ணெயில் தோல் பக்கம் கீழே இருக்குமாறு சிவக்க வைத்து எடுத்துவிட வேண்டும். அதே சட்டியில் முதல் பாலில் மூன்று ஸ்பூன் விட்டு, கறிவேப்பிலையும் விழுதும் போட்டு வதக்கி, இரண்டாம் பாலில் கறியை மூடாமல் 25 நிமிடம் வேகவிட வேண்டும். தீயைக் குறைத்து மீதி முதல் பாலைச் சேர்த்து, இரண்டு நிமிடத்தில் இறக்கி, மீன் சாஸ் 2 டீஸ்பூன், கிள்ளிய நாரத்தை இலை, எலுமிச்சைச் சாறு. அவ்வளவுதான்.

## பால் திரிந்து எண்ணெய் தனியாக மிதக்கிறது

அதிகம் வரும் போன் இதற்குத்தான். நான் திருப்பிக் கேட்கும் முதல் கேள்வி: எப்போது திரிந்தது?

விழுது வதக்கும்போதே திரிந்தது என்றால் அது கோளாறே இல்லை. தாய்லாந்தில் கெட்டிப் பாலை வேண்டுமென்றே எண்ணெய் பிரியும்வரை காய்ச்சி, அந்த எண்ணெயில்தான் விழுதை வதக்குவார்கள். நம் பக்கமும் இலங்கையிலும் முதல் பாலைக் கடைசியில் ஊற்றிக் கொதிக்க விடாமல் இறக்குவோம். ஒரே பாலுக்கு இரண்டு அடுப்படியில் இரண்டு நேர்மாறான வேலை. இந்தக் குழம்பில் இரண்டும் உண்டு. ஆரம்பத்தில் மூன்று ஸ்பூன் திரிய வேண்டும், கடைசியில் ஊற்றுவது திரியக் கூடாது. அண்ணி ஒருமுறை ஆரம்பத்திலேயே திரிந்துவிட்டது என்று சட்டியோடு கொட்டிவிட்டு அழாத குறையாகப் போன் செய்தார். அன்றிலிருந்து செய்முறையை அனுப்பும்போதே இந்தப் பத்தியையும் சேர்த்து அனுப்புகிறேன்.

கடைசியில் ஊற்றிய பால் திரிந்தது என்றால் இந்த வரிசையில் பாருங்கள்.

முதலில் தீ. குழம்பு தளதளவென்று கொதிக்கும்போது முதல் பாலை ஊற்றினால் திரியும். அடுப்பை அணைத்து, கொதி அடங்கியபின் ஊற்றி, மறுபடி சிம்மில் வைத்து ஓரத்தில் சின்னக் குமிழி தெரிந்ததும் இறக்குங்கள்.

அடுத்தது எலுமிச்சை. அடுப்பு எரியும்போது பிழிந்தீர்களா? புளிப்பும் சூடும் ஒன்றாகச் சேர்ந்தால் பால் தாங்காது. இறக்கி ஐந்து நிமிடம் கழித்துப் பிழியுங்கள்.

பிறகு பாலின் குளிர்ச்சி. ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த பாலை அப்படியே ஊற்றாமல், ஒரு கரண்டி சூடான குழம்பை முதலில் பாலில் கலந்து வெதுவெதுப்பாக்கி ஊற்றுங்கள்.

அதற்கும் அடுத்தது பாலே புளித்திருப்பது. காலையில் பிழிந்து வெளியே வைத்த பால் வெயில் காலத்தில் மதியத்துக்குள் கெட்டுவிடும். ஊற்றுவதற்கு முன் ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பாருங்கள். புளிப்புத் தட்டினால் அந்தப் பால் வேண்டாம்.

திரிந்ததை மீட்க முடியுமா? பெரும்பாலும் முடியும். கறியைத் தனியாக எடுத்துவிட்டுக் குழம்பைக் கை பொறுக்கும் சூட்டுக்கு ஆறவிடுங்கள். இரண்டு ஸ்பூன் புதுக் கெட்டிப் பால் சேர்த்து மிக்சியில் அரை நிமிடம் ஓட்டினால் கூடிவரும். சூடாக இருக்கும்போதே மிக்சியில் ஊற்றாதீர்கள். ஆவியில் மூடி தெறித்துக் கையும் முகமும் வெந்துவிடும்.

பாக்கெட் பால் என்றால் கதை வேறு. பலவற்றில் பால் பிரியாமல் இருக்க ஏதாவது சேர்த்திருப்பார்கள். லேபிளில் 412 என்ற எண் இருந்தால் அது கொத்தவரை விதைப் பிசின். கறாரான பேலியோவில் அதுவும் பயறு வகைதான். இப்படிப்பட்ட பால் கடைசியில் எளிதில் திரியாது, ஆனால் ஆரம்பத்தில் எவ்வளவு காய்ச்சினாலும் எண்ணெயும் பிரியாது. அதனால் விழுதைத் தேங்காய் எண்ணெயிலேயே வதக்கிவிடுங்கள், காத்திருந்து அடிப்பிடிக்க விடாதீர்கள்.

எல்லாம் சரியாகச் செய்தும் ஒவ்வொரு முறையும் திரிகிறது என்றால் அடுப்பைச் சந்தேகிக்கலாம். ஒரு பாத்திரத்தில் தண்ணீர் வைத்து, சின்ன பர்னரில் சிம்மில் விட்டுப் பாருங்கள். மூடாத பாத்திரமும் தளதளவென்று கொதித்தால் உங்கள் சிம் சிம்மே இல்லை. காசில்லாத வழி, தோசைக்கல்லை அடுப்பில் வைத்து அதன்மேல் சட்டியை வைப்பது. தீ மஞ்சளாக எரிந்து பாத்திரத்தில் கரி பிடித்தால், பர்னரை ஆறவிட்டுக் கழற்றி, ஓட்டைகளை ஊசியால் சுத்தம் செய்து, நன்றாகக் காயவைத்து மாட்டுங்கள். அதன்பின்னும் சரியாகாவிட்டால், அல்லது குமிழைத் திருப்பினாலும் தீ குறையாவிட்டால், அடுப்பு மெக்கானிக்கைக் கூப்பிடுங்கள். குமிழை நீங்களே கழற்ற வேண்டாம். கேஸ் வாடை வந்தால் குழம்பை மறந்துவிட்டு ரெகுலேட்டரை மூடுங்கள், ஜன்னலைத் திறங்கள், எந்த சுவிட்சையும் தொடாதீர்கள், வெளியே வந்து 1906 என்ற எண்ணுக்குப் பேசுங்கள்.

## குழம்பு தண்ணீராக ஓடுகிறது

மூடி போட்டு வேகவைத்தீர்களா? பத்தில் ஏழு வீட்டில் காரணம் இதுதான். கறி விடும் தண்ணீரே ஒரு டம்ளர் வரும். மூடியை எடுத்துவிட்டு, கறியையும் வெளியே எடுத்து வைத்து, இரண்டாம் பாலை மட்டும் நல்ல தீயில் வற்றவிடுங்கள். முதல் பால் ஊற்றுவதற்கு முன்பு இதைச் செய்ய வேண்டும். கரண்டியின் பின்பக்கத்தைத் தோய்த்து எடுத்து விரலால் ஒரு கோடு போடுங்கள். கோடு மூடாமல் நின்றால் பதம் சரி.

வற்றவைத்தும் பதம் வரவில்லையா? தோல் உரித்த பாதாம் 15 எடுத்து நைசாக அரைத்துச் சேருங்கள். சோளமாவின் வேலையை ஓரளவு அது செய்துவிடும். செட்டிநாட்டு வாசம் தூக்கலாக வேண்டுமென்றால் வறுத்த தேங்காய்த் துருவல் இரண்டு ஸ்பூனோடு கசகசா ஒரு டீஸ்பூன் அரைத்து விடலாம். பொட்டுக்கடலை பருப்பு வகை என்பதால் வேண்டாம். முந்திரி பேலியோதான், ஆனால் பாதாமைவிட மாவுச்சத்து அதிகம், சர்க்கரை அளவுக்காகச் சாப்பிடுகிறவர்கள் தவிர்க்கலாம். கூவைக்கிழங்கு மாவும் அப்படியே. மேல்நாட்டுப் பேலியோ சமையலில் தாராளமாகப் போடுகிறார்கள், குறைமாவு உணவு சாப்பிடுகிறவர்களுக்கு அது ஒத்துவராது.

முட்டை மஞ்சள் கருவும் கெட்டிப்படுத்தும். ஆனால் நேராகச் சட்டியில் விட்டால் முட்டைப் பொரியல் ஆகிவிடும். கிண்ணத்தில் அடித்து, சூடான குழம்பை ஒவ்வொரு ஸ்பூனாகக் கலந்து, பிறகு சட்டியில் ஊற்றிக் கிளறி, கொதிக்கவிடாமல் இறக்குங்கள்.

## தோல் சிவக்கவில்லை, கறி தண்ணீர் விட்டு வெளுத்துக் கிடக்கிறது

ஈரம். கழுவிய கையோடு சட்டியில் போட்டால் வறுபடாது, அவியத்தான் செய்யும். முதல் நாள் இரவே உப்புத் தடவி, ஃப்ரிட்ஜின் கீழ்த் தட்டில் மூடாமல் வையுங்கள். மறுநாள் தோல் காகிதம் போல் காய்ந்திருக்கும். இந்த ஒன்றைச் செய்தாலே பாதிப் பேருக்குச் சரியாகிவிடுகிறது. நேரமில்லை என்றால் சுத்தமான துணியில் ஒற்றியெடுத்து, அந்தத் துணியைத் தனியாக வெந்நீரில் துவையுங்கள்.

கழுவுவது பற்றி ஒரு வார்த்தை. மஞ்சள் போட்டு மூன்று தண்ணீரில் கழுவாமல் நமக்கு மனசு ஆறாது, எனக்கும் அப்படித்தான். ஆனால் குழாயைத் திறந்துவிட்டுக் கழுவும்போது தெறிக்கும் துளிகளோடு கிருமிகளும் சிங்க்கைச் சுற்றிப் பரவுகின்றன. அவற்றைக் கொல்வது சூடுதான், கழுவுதல் அல்ல. கழுவியே ஆக வேண்டும் என்றால் குண்டானில் தண்ணீர் எடுத்து மெதுவாக அலசுங்கள், பிறகு சிங்க்கைச் சோப்புப் போட்டுத் தேயுங்கள். பக்கத்தில் கீரையோ வெட்டிய வெங்காயமோ இருக்கக் கூடாது.

நெரிசல். துண்டுக்குத் துண்டு விரல் அளவு இடைவெளி வேண்டும். 1 கிலோவை இரண்டு அல்லது மூன்று தடவையாகப் போடுங்கள்.

அவசரம். போட்டதும் புரட்டாதீர்கள். மிதமான தீயில் எட்டு நிமிடம் கையைக் கட்டிக்கொண்டு நில்லுங்கள். தோல் சிவந்தால் தானாகவே சட்டியை விட்டுக் கழன்று வரும். ஒட்டிக்கொண்டு வர மறுத்தால் இன்னும் ஆகவில்லை என்று அர்த்தம்.

கடையிலேயே தோல் போய்விட்டது. நம் ஊர்க் கறிக்கடையில் கேட்காவிட்டால் தோலை உரித்துத்தான் தருவார்கள். "பாய், தோலோட வேணும், முடி மட்டும் நல்லா எடுத்துக் குடுங்க, தொடையை ரெண்டா வெட்டுங்க, குழம்புக்கு வெட்டுற மாதிரி பொடிசா வேண்டாம்" என்று முழுதாகச் சொல்லுங்கள். கூட்டமில்லாத நேரத்தில் போனால் பொறுமையாகச் செய்து கொடுப்பார்கள். வீட்டில் கத்தியை வைத்துக்கொண்டு மல்லுக்கட்டுவதைவிட இது எவ்வளவோ மேல்.

சட்டி. இது கடைசிச் சந்தேகம், செலவும் அதிகம். மெல்லிய நான்ஸ்டிக் சட்டியில் கறி விழுந்ததும் சூடு இறங்கிவிடும். அதைப் புகைய வைத்துச் சூடேற்றுவதும் நல்லதல்ல. கனமான இரும்புச் சட்டி ஒன்று வாங்கிப் பழக்கிவிட்டால் பல வருடம் உழைக்கும். வாங்குவதற்கு முன், வீட்டில் கனமான தோசைக்கல் இருந்தால் அதில் இரண்டு துண்டு போட்டுப் பாருங்கள். அதில் சிவந்தால் குற்றம் சட்டியுடையது. அதிலும் வெளுத்தால் ஈரத்துக்கே திரும்பிப் போங்கள்.

## கறி சக்கையாக, அல்லது ரப்பராக இருக்கிறது

எந்தக் கறி என்பதைப் பொறுத்து வழி பிரிகிறது.

நெஞ்சுக்கறி சக்கையானால் நேரம் கூடிவிட்டது. அது 74 டிகிரி செல்சியஸ் தொட்டதும் இறக்க வேண்டியது. 25 நிமிடம் கொதித்தால் நார் நாராகத்தான் வரும். கெட்டியான குழம்பில் கடைசி எட்டுப் பத்து நிமிடத்துக்கு மட்டும் போடுங்கள். சக்கையாகிப் போனதைத் திரும்ப மெதுவாக்க வழியில்லை. உதிர்த்துக் குழம்பிலேயே கலந்துவிட்டால் வீணாகாது.

தொடைக்கறி ரப்பராக இழுத்தால் நேர்மாறு, நேரம் போதவில்லை. தொடை 74 டிகிரியில் வெந்துவிடும், ஆனால் பக்குவமாவது 80க்கு மேல்தான். இன்னும் பத்து நிமிடம் சிறு தீயில் விடுங்கள்.

நாட்டுக்கோழி என்றால் இந்தச் செய்முறை அப்படியே ஒத்துவராது. வயதான கோழிக்கு 25 நிமிடம் எங்கே போதும்? இரண்டாம் பாலில் போடுவதற்கு முன்பு, உப்பு, மஞ்சளோடு குக்கரில் வேகவைத்துக்கொள்ளுங்கள். எத்தனை விசில் என்பது கோழியின் வயதைப் பொறுத்தது. கடைக்காரரிடமே கேட்டுக்கொள்வது நல்லது. நான் நான்கு விசிலில் திறந்து பார்த்து, தேவைப்பட்டால் மறுபடி மூடுவேன்.

## எலும்பருகே சிவப்பாக இருக்கிறது

நிறத்தை நம்பாதீர்கள். கடையில் வரும் பிராய்லர் ஐந்து ஆறு வாரக் குஞ்சு. எலும்பு முற்றியிருக்காது, உள்ளிருக்கும் மஜ்ஜையின் நிறம் வெளியே கசியும். ஃப்ரீசரில் இருந்த கறியில் இது இன்னும் தெரியும். நன்றாக வெந்தபின்னும் சிவப்பு நிற்கலாம். அதேபோல் வெள்ளையாகத் தெரிகிறது என்பதால் வெந்துவிட்டது என்றும் சொல்ல முடியாது.

சமையல் தெர்மாமீட்டரை எலும்பில் படாமல் சதையின் கனமான இடத்தில் குத்துங்கள். 74 காட்டினால் பயமில்லை. தெர்மாமீட்டர் இல்லையா, கனமான துண்டைக் குத்தி அழுத்துங்கள். வரும் நீர் தெளிவாக, சதை எலும்பை விட்டுச் சுலபமாக விலகினால் சரி. வழவழவென்று கண்ணாடி போல் சதை தெரிந்தால் மறுபடி அடுப்பில் வையுங்கள். குழந்தைகளும் கர்ப்பிணிகளும் சாப்பிடும் வீட்டில் தெர்மாமீட்டர் வாங்கிவிடுவது என் கருத்தில் கட்டாயம்.

## எல்லாம் போட்டும் ருசி சப்பென்று இருக்கிறது

சர்க்கரையும் சோயா சாஸும் போன இடம் காலியாக இருப்பது இங்கேதான் தெரியும். முழுச் சட்டியில் கை வைக்காதீர்கள். ஒரு சின்னக் கிண்ணத்தில் மூன்று ஸ்பூன் குழம்பை எடுத்து, அதில் ஒவ்வொன்றாகச் சேர்த்துப் பாருங்கள்.

முதலில் இரண்டு கல் உப்பு. ருசி விழித்துக்கொண்டால் அதுதான் குறை, வேறெதையும் தேட வேண்டாம். தேங்காய்ப்பாலின் கொழுப்பு உப்பை அமுக்கிவிடும், அதனால் சாதாரணக் குழம்பைவிட இதற்குச் சற்றுக் கூடவே கேட்கும்.

உப்பு சரியாக இருந்தும் கனமாக, நாக்கில் படிந்தாற்போல் இருந்தால் நான்கு சொட்டு எலுமிச்சை விடுங்கள்.

உப்பும் புளிப்பும் சரியாக இருந்தும் அடியில் ஒரு ஆழம் இல்லையா? சோயா சாஸ் கொடுத்துக்கொண்டிருந்தது அந்த ஆழத்தைத்தான். மீன் சாஸ் அரை டீஸ்பூன் சேர்த்துப் பாருங்கள். வாங்கும்போது லேபிளில் மீன், உப்பு இரண்டு மட்டும் உள்ளதைத் தேடுங்கள். பலவற்றில் சர்க்கரை கலந்திருக்கும். கிடைக்கவில்லை என்றால் நம்மிடமே அருமையான மாற்று இருக்கிறது. மீன் சாஸ் நெத்திலி வகை மீனை உப்பில் ஊறவைத்துப் புளிக்க வைத்து எடுப்பது. நெத்திலிக் கருவாட்டைத் தலை கிள்ளி, அலசிக் காயவைத்து, வெறும் சட்டியில் மொறுமொறுவென்று வறுத்துப் பொடித்து வைத்துக்கொள்ளுங்கள். அரை டீஸ்பூன் பொடியை விழுதோடு வதக்கினால் கருவாட்டு வாடையே தனியாகத் தெரியாது, குழம்பு மட்டும் வேறு குழம்பாகிவிடும். எங்கள் வீட்டில் இப்போது பாட்டில் வாங்குவதே இல்லை. கருவாட்டிலும் உப்பு உண்டு என்பதால் கல் உப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள். தேங்காய்ப் பூவின் பதநீரைப் புளிக்க வைத்துச் செய்யும் தேங்காய் சாஸ் ஒன்றும் விற்கிறது. விலை அதிகம், இனிப்பும் உண்டு. இந்தக் குழம்புக்கு அதன் தேவை எனக்குத் தோன்றியதில்லை.

காரம் மட்டும் தனியாக உறைக்கிறது, அணைத்துக்கொள்ள எதுவுமில்லை என்றால் இனிப்பு குறைகிறது. சர்க்கரைக்குப் பதில் சின்ன வெங்காயம் ஐந்தாறை மெல்லியதாக நறுக்கி, சிறு தீயில் இருபது நிமிடம் பொன்னிறமாக வதக்கிச் சேருங்கள். அவசரப்பட்டுப் பெரிய தீயில் வறுத்தால் இனிப்பு வராது, கருகல்தான் வரும்.

வாசம் இல்லை என்றால் மூன்று இடம் பாருங்கள். எலுமிச்சைப்புல்லின் மேல் இலையை அரைத்திருக்கிறீர்களா? விழுதுக்கு அடித்தண்டின் வெளிறிய ஆறு அங்குலம் மட்டும்தான் வேண்டும். இலையை முடிச்சுப் போட்டுக் குழம்பில் போட்டு, இறக்கும்போது எடுத்துவிடலாம். பேரரத்தை என்று கேட்டுச் சித்தரத்தையை வாங்கி வந்தீர்களா? தாய்லாந்து சமையலில் விழுவது பேரரத்தைதான், நாட்டு மருந்துக்கடையில் காய்ந்தது கிடைக்கும். மிளகு எப்போது பொடித்தது? மாதக்கணக்கில் டப்பாவில் கிடந்த பொடியில் காரம் இருக்கும், மணம் போயிருக்கும்.

## கசக்கிறது

பெரும்பாலும் இலை. தாய்லாந்தில் போடும் காஃபிர் எலுமிச்சை இலை நம் ஊர்க் கடைகளில் அரிது. வேப்பிலைக்கட்டிக்கு இடிக்கும் நாரத்தை இலை அதற்குக் கிட்டத்தட்ட ஈடு. ஆனால் நடு நரம்பைக் கிழித்தெடுக்காமல் போட்டாலோ, குழம்போடு கொதிக்க விட்டாலோ கசக்கும். 1 கிலோவுக்கு மூன்று இலை, இறக்கிய பிறகு. ஏற்கெனவே போட்டிருந்தால் உடனே பொறுக்கி எடுத்துவிட்டுக் கால் கப் முதல் பால் சேருங்கள்.

இலை காரணமில்லை என்றால் எலுமிச்சை விதை விழுந்திருக்கிறதா, பேரரத்தை கூடிவிட்டதா என்று பாருங்கள். தேங்காய் காறியிருந்தாலும் நாக்கின் அடியில் ஒரு கசப்பு நிற்கும். உடைத்ததும் ஒரு சில்லு மென்று பார்ப்பது நல்ல பழக்கம். பூண்டு கருகிய கசப்பு என்றால் மீட்பு கிடையாது. கறியை எடுத்து வெந்நீரில் அலசி வைத்துக்கொண்டு விழுதைப் புதிதாக அரையுங்கள். கருகியதை மறைக்க எது போட்டாலும் அதுவும் வீணாகும்.

## காலிஃபிளவர் சோறு குழைந்து கூழாகிறது

அரிசிச் சோற்றுக்குப் பதில் இந்தக் குழம்புக்குத் துணை, துருவி வதக்கிய காலிஃபிளவர். புழுவுக்குப் பயந்து துருவிய பின் வெந்நீரில் போடுகிறோம், அங்கேதான் தண்ணீர் குடித்துவிடுகிறது. முழுப் பூவாக, பெரிய கொத்துகளாக உப்பும் மஞ்சளும் போட்ட வெந்நீரில் ஐந்து நிமிடம் வைத்து எடுத்து, ஒரு மணி நேரம் துணியில் உலர்த்தி, அப்புறம் துருவுங்கள். மிக்சியில் விட்டு விட்டு இரண்டு மூன்று சுற்று போதும். அகலமான சட்டியில் பெரிய தீயில் நான்கு நிமிடம், மூடி கிடையாது. உப்பைக் கடைசியில் தூவுங்கள்.

## மறுநாள் வாடை வருகிறது

தேங்காய்ப்பால் குழம்பு வெளியே தங்காது. சமைத்து இரண்டு மணி நேரத்துக்குள் அகலமான பாத்திரத்தில் மாற்றி ஃப்ரிட்ஜில் வையுங்கள். மேலே வெள்ளையாக உறைவது கொழுப்பு, கெட்டதல்ல. புளித்த வாடை, நுரை, நூலிழுப்பு இருந்தால் யோசிக்காமல் கொட்டிவிடுங்கள். மறுபடி கொதிக்க வைத்தாலும் கெட்டது நல்லதாகாது. சாப்பிட்ட பின் காய்ச்சலோடு வயிற்றுப்போக்கு, மலத்தில் ரத்தம், தண்ணீர்கூட வயிற்றில் நிற்காத வாந்தி என்றால் வீட்டு வைத்தியத்தில் நேரம் கடத்தாமல் டாக்டரிடம் போங்கள். குழந்தைகள், கர்ப்பிணிகள், முதியவர்கள் என்றால் இவ்வளவு தூரம் காத்திருக்கவும் வேண்டாம்.

## பேலியோதான், ஆனாலும் குளுக்கோமீட்டரில் சர்க்கரை ஏறுகிறது

என் கணவருக்கு இது நடந்தது. அரிசி ஒரு பருக்கை இல்லை, இரண்டு மணி நேரம் கழித்துக் குத்திப் பார்த்தால் எண் எகிறியிருந்தது. இரண்டு வாரம் தேடிக் கண்டுபிடித்தோம்.

அலமாரியைத் திறந்து பாருங்கள். வீட்டில் அரைத்த குழம்பு மிளகாய்த்தூளா? அதில் துவரம்பருப்பும் கடலைப்பருப்பும் அரிசியும் சேர்த்துத்தான் மில்லில் கொடுத்திருப்போம். எங்கள் வீட்டில் அதை ஐந்து ஸ்பூன் அள்ளிப் போட்டுக்கொண்டிருந்தார்கள். தனி மிளகாய்த்தூள், தனி மல்லித்தூளுக்கு மாறுங்கள். கட்டிப் பெருங்காயத்திலும் தூளிலும் பொதுவாகக் கோதுமை மாவோ மைதாவோ கலந்திருக்கும். போடுவது சிட்டிகைதான், ஆனால் கோதுமையே ஆகாதவர்கள் கவனிக்க வேண்டும். தேங்காய்ப்பால் பவுடர் என்றால் லேபிளில் மால்டோடெக்ஸ்ட்ரின் என்று இருக்கிறதா பாருங்கள், அது மாவுச்சத்து. மாட்டுப் பாலிலிருந்து எடுக்கும் கேசினேட்டும் பலவற்றில் இருக்கும், பால் பொருளை விலக்குகிறவர்கள் அதையும் பார்க்க வேண்டும். மீன் சாஸில் சர்க்கரை, அடுத்த சந்தேகம். வெங்காயத்தின் அளவு, அதற்கும் அடுத்தது.

எல்லாவற்றையும் மாற்றியும் ஏறினால் சாப்பாட்டைக் குடையாமல், சாப்பிடும் முன்பும் இரண்டு மணி நேரம் கழித்தும் ஒரு வாரம் எழுதி, டாக்டரிடம் எடுத்துப் போங்கள். மருந்தை நீங்களாகக் கூட்டவும் வேண்டாம், நிறுத்தவும் வேண்டாம்.

இதற்கு எதிர்ப்பக்கம்தான் என்னை அதிகம் பயமுறுத்துவது. இன்சுலினோ, கிளிமிபிரைடு போன்ற மாத்திரையோ எடுப்பவர்கள் திடீரென்று மாவுச்சத்தை நிறுத்தினால் சர்க்கரை அளவுக்கு மீறி இறங்கலாம். சாப்பிட்டு எழுந்தவருக்கு வியர்வை, கை நடுக்கம், படபடப்பு, பேச்சில் குழப்பம் தெரிந்தால் உடனே குத்திப் பாருங்கள். 70க்குக் கீழே இருந்தால் பேலியோவெல்லாம் பார்க்காமல் மூன்று டீஸ்பூன் சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துக் கொடுங்கள். 15 நிமிடம் கழித்து மறுபடி குத்திப் பாருங்கள், ஏறவில்லை என்றால் இன்னொரு முறை கொடுங்கள். மயங்கியிருந்தால் வாயில் எதையும் ஊற்றாமல் 108ஐக் கூப்பிடுங்கள். டபாக்ளிஃப்ளோசின், எம்பாக்ளிஃப்ளோசின் வகை மாத்திரை எடுப்பவர்களுக்கு வாந்தியும் மூச்சிரைப்பும் வந்தால், மீட்டரில் சர்க்கரை சாதாரணமாகத் தெரிந்தாலும் ஆஸ்பத்திரிக்குப் போயாக வேண்டும்.

சர்க்கரை மருந்தோ ரத்த அழுத்த மருந்தோ சாப்பிடுகிறவர், சிறுநீரகக் கோளாறு உள்ளவர் யாராவது வீட்டில் இருந்தால், இந்த உணவுக்கு மாறுவதற்கு முன்பே டாக்டரைப் பாருங்கள். என் கணவருக்கு முதல் வாரத்திலேயே மாத்திரையின் அளவைப் பாதியாகக் குறைத்துக் கொடுத்தார். கேட்காமல் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று இப்போதும் அந்த மாத்திரைப் பட்டையைப் பார்க்கும்போது நினைத்துக்கொள்வேன்.